ஆணியில் காத்திருந்த மாலை

இறந்துபோன தகப்பனார் தம் படத்தைத் தாமே கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வாசற்படி இறங்கிப் போய்விட்டார்.

"குத்துக்கல்லாட்டம் உயிரோட இருக்கேன்! எனக்கே மாலை போடப் பாக்குறீங்களா?" நாடக நடிகர் ராமதாஸ் தெருமுனை வரை கத்திக்கொண்டே போனது, பாயான் பாரு வட்டாரத்தில் படப்பிடிப்புக்கு எடுத்திருந்த வீட்டுக்குள் நின்ற படக்குழுவினர் அனைவர் காதிலும் விழுந்தது.

கூடத்துப் பச்சைச் சுவரில் ஓர் ஆணியும், அதில் சாமந்தி மாலையும் மட்டும் மிஞ்சின.

தயாரிப்பு நிர்வாகி சாந்தினி, கலை இயக்குநர் ஷர்வின் பக்கம் திரும்பினாள். "மாலை விஷயத்த அவருகிட்ட சொன்னியா, இல்லியா?"

"அப்பா வேஷம், படமா மட்டும் வருவீங்கன்னு சொன்னேங்கா. மாலைன்னா வரமாட்டாருன்னு..."

"இப்ப மட்டும் இருக்காராக்கும்!"

எடுக்கவேண்டிய காட்சி இது: வெளிநாட்டிலிருந்து திரும்பும் மகள் கதவைத் திறக்கிறாள். மாலையிட்ட படத்தைக் கண்டுதான் தகப்பன் இறந்ததையே அறிகிறாள். மாலை இல்லையேல் காட்சி இல்லை. மகளாக நடிக்கும் பெண்ணோ இன்று சாயங்காலமே விமானம் ஏறுகிறாள். அவளுடைய பெட்டி வாசலில் தயாராக நின்றது.

பல ஆண்டுகள் பிறரிடம் சாயம் அடித்தும் பலகை அறுத்தும் காலம் தள்ளிய ஷர்வின், முதன்முறையாகத் தானே பொறுப்பேற்ற படம் இது. அடுத்து எடுக்கும் தொலைக்காட்சித் தொடருக்கும் அவனையே வைத்துக்கொள்ளலாம் என்று சாந்தினி முதலாளியிடம் வாக்குக் கொடுத்திருந்தாள். அவன் மனைவிக்கு இது ஏழாம் மாதம் என்பதும் அவளுக்குத் தெரியும். தெரிந்து என்ன செய்வது?

"யாராச்சும் ஒரு படம் குடுங்கப்பா," என்று இயக்குநர் சிவநேசன் கெஞ்சினார்.

வீட்டில் உண்மையாகவே மாலையோடு தொங்கும் படத்தைச் சினிமாவுக்குக் கழற்றித் தர யாருக்கு மனம் வரும்? உயிரோடிருப்பவர் படம் என்றாலோ, பேச்சே இல்லை.

"அண்ணே, உங்க படத்தையே மாட்டிரலாமே?" என்றார் விளக்குக்காரர்.

சிவநேசன் நெஞ்சில் கை வைத்துக்கொண்டார். "அலாமாக்! இப்பத்தான்லா எனக்கு பைபாஸ் பண்ணாங்க!"

புகைப்படக்காரன் ஹைக்கல் முன்னால் வந்தான். "என் படத்த மாட்டுங்க. எனக்கு அந்தப் பயமெல்லாம் இல்ல."

"உனக்கு வயசு முப்பது. அப்பான்னா எவன் நம்புவான்?"

சாந்தினி இதைச் சொன்னதும் ஷர்வின் சட்டென்று நிமிர்ந்தான். ஹைக்கலின் தோளைப் பிடித்தான். "காடிய எடு. கேமராவையும் எடுத்துக்க."

"எங்க போற?"

"ஆளு கிடைச்சிட்டாருக்கா."

"அவரு சம்மதத்தோட வா. இல்லாட்டி நம்மகிட்ட உனக்கு இதான் கடைசி வேலை."

கார் கிளம்பிப் போயிற்று. சன்னல் வெயில் சுவரைவிட்டு மெல்ல நழுவியது. நடிகை கைக்கடிகாரத்தைப் பார்க்கும்போதெல்லாம் சிவநேசன் முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

வெயில் முழுவதும் விலகுமுன் ஷர்வின் ஓடி வந்தான். தலை ஈரம், சட்டைக் கழுத்தும் ஈரம். காதோரத்தில் வெள்ளையாக ஏதோ ஒட்டியிருந்தது. எந்நேரமும் சாயத்தில் கிடப்பவன்தானே என்று சாந்தினி பெரிதாக எண்ணவில்லை.

சட்டம் போட்ட படத்தில், நரைத்த மீசையும் தடித்த கண்ணாடியுமாக ஒரு பெரியவர், எதையோ அடக்கிக்கொண்டு சிரிப்பவர்போல இருந்தார். ஷர்வின் அதை ஆணியில் மாட்டினான். மாலையை எடுத்தான். கண்ணை மூடிக்கொண்டே சூட்டினான்.

நடிகை கதவைத் திறந்தாள். படத்தைப் பார்த்தாள். அப்படியே தரையில் உட்கார்ந்து அழுதாள்.

"கட்! அசல் அப்பாதான்லா!" என்று சிவநேசன் துள்ளினார்.

கைதட்டல் ஓயுமுன்பே ஷர்வின் மாலையைக் கழற்றிவிட்டான். படத்தையும் இறக்கிச் சுவர்ப்பக்கம் திருப்பி வைத்தான்.

சாந்தினி அருகே சென்றாள். "யாரு இவரு?"

"தெரிஞ்சவருக்கா."

"மாலை போடுறத சொல்லிட்டியா? இவரும் நாளைக்கு வந்து கத்தப்போறாரு."

"சொல்லிட்டேன். சம்மதிச்சிட்டாரு."

"அவரு சம்சாரம்?"

ஷர்வின் கழற்றிய மாலையைச் சுருட்டத் தொடங்கினான்.

"அந்தம்மா வந்து, 'என் தாலிக்கு என்ன பதில்'னு நின்னா நான் என்ன சொல்றது? ஆள இப்பவே கூட்டிட்டு வா. இல்லாட்டி இந்தக் காட்சி வேணாம், அடுத்த வேலையும் உனக்கு இல்ல."

அவன் தவிப்போடு காதைத் தேய்த்தான். விரலில் வெள்ளை ஒட்டிக்கொண்டு வந்தது.

சாந்தினி அந்த விரலைப் பார்த்தாள். சுவர்களைப் பார்த்தாள். இந்த வீட்டில் எங்குமே வெள்ளைச் சாயம் அடிக்கவில்லை. குனிந்து படத்தைத் திருப்பினாள். தடித்த கண்ணாடிக்குப் பின்னாலிருந்த கண்களைப் பார்த்தாள். பிறகு எதிரே நின்றவன் கண்களைப் பார்த்தாள்.

ஷர்வினின் கைப்பேசி அலறியது. திரையில் அவன் மனைவி ரமணியின் பெயர். அவன் அதை எடுக்காமல் உள்ளங்கையால் மூடினான்.

"அக்கா, என் படத்துக்கு நானே மாலை போட்டத இவகிட்ட மட்டும் சொல்லிடாதீங்க."