சாக்லேட் பிஸ்கட்

தட்டில் சாக்லேட் பிஸ்கட்டைப் பார்த்ததுமே எனிட்டுக்கு விஷயம் விளங்கிவிட்டது.

மான்செஸ்டரில் அவள் நடிக்கும் டிவி தொடரை எடுக்கும் ஸ்டுடியோவில் யாரையும் முகத்துக்கு நேராக வேலையை விட்டுத் தூக்கமாட்டார்கள். தயாரிப்பாளர் மாடிக்கு டீ குடிக்கக் கூப்பிடுவார். சாதா பிஸ்கட் வைத்தால் உங்கள் பாத்திரம் ஸ்பெயினுக்குக் குடிபோகும், என்றைக்காவது திரும்பி வரலாம். சாக்லேட் பிஸ்கட் என்றால் சாவுதான். போன மாதம் கசாப்புக் கடைக்காரராக நடித்தவர் விவரம் தெரியாமல் இரண்டு தின்றுவிட்டு இறங்கினார். வியாழக்கிழமை வந்த வசனத்தாளில் அவர் தலையில் கூரை விழுந்திருந்தது.

எனிட்டுக்கு அறுபத்தெட்டு வயது. இருபத்திரண்டு வருடமாக அந்தத் தொடரின் பப்பில் நோரா என்ற பெயரில் பீர் ஊற்றுகிறாள். அவளுக்கு இருந்தது ஒரே வசனம்: “வழக்கம்போலதானே?” அதையும் பாதி நாள் வெட்டிவிடுவார்கள்.

ஆனாலும் இந்த வேலை போனால் அவளுக்கு எல்லாம் போச்சு. இந்த வயதில் வேறு யார் கூப்பிடுவார்கள்? கூப்பிட்டாலும் துப்பறியும் தொடரில் பிணமாகப் படுக்கத்தான்.

அதனாலேயே கடந்த ஆறு வருடமாக அவள் யார் கண்ணையும் உறுத்தாமல் நின்றாள். கிளாஸைத் துடைக்கிற சாக்கில் முகத்தை மறைத்துக்கொண்டாள். கடைசியில் ஓடும் பெயர்ப் பட்டியலில் தன் பெயர் காணாமல் போனபோதுகூட மூச்சு விடவில்லை.

தயாரிப்பாளர் டங்கன் வேலைக்கு வந்து இரண்டே மாதம். கையில் ஒரு கடிதத்தை வைத்துக்கொண்டு நெளிந்தார். லீட்ஸிலிருந்து ஓர் அம்மாள் எழுதியிருந்தாராம். ஆறு வருடத்துக்கு முன்பு நோரா பால்வண்டியில் அடிபட்டுச் செத்தாள், நான் மூன்று நாள் அழுதேன், போன செவ்வாய்க்கிழமை அவள் எப்படி பீர் ஊற்றுகிறாள் என்று கேட்டிருந்தார்.

பழைய பகுதியைப் போட்டுப் பார்த்தால், ஐயோ, நிஜம். அந்த வாரம் எனிட் காய்ச்சலில் படுத்திருந்தாள். கதைக்கு அவசரமாக ஒரு சாவு தேவைப்பட்டது. அவளை டீக்குக் கூப்பிடவேண்டிய பழைய தயாரிப்பாளரையே அந்த வாரம் யாரோ டீக்குக் கூப்பிட்டுவிட்டார்கள். அடுத்த திங்கட்கிழமை எனிட் வழக்கம்போல ஏப்ரன் கட்டிக்கொண்டு வந்து நின்றாள். ஒருவரும் ஒன்றும் கேட்கவில்லை.

இது பத்திரிகைக்குப் போனால் ஊரே சிரிக்கும், அதற்குள் நீங்கள் சத்தமில்லாமல் விலகிக்கொண்டால் நல்லது என்று இழுத்த டங்கனுக்கே மனசு கேட்கவில்லை.

“நீங்க செத்துட்டீங்கன்னு உங்ககிட்ட ஒருத்தர்கூட சொல்லலையா எனிட்?”

எனிட் ஒரு பிஸ்கட்டை எடுத்து டீயில் நனைத்தாள்.

யாரும் சொல்லவில்லைதான். ஆனால் நோராவின் இறுதிச் சடங்குக் காட்சிக்கு ஆள் பத்தவில்லை என்று அவளைத்தான் கூப்பிட்டிருந்தார்கள். காய்ச்சல் விட்டும் விடாமலும் போய், கறுப்புத் தொப்பி போட்டுக் கடைசி வரிசையில் நின்று, நிஜமாகவே அழுதுவிட்டு வந்தாள்.

“நோராவுக்கு இரட்டையா ஒரு தங்கச்சி இருந்தா, இத்தனை நாளா ஊத்துறது அவதான்னு எழுதிடு கண்ணு,” என்றாள். “ஆனா ஒண்ணு, அவ அக்கா மாதிரி கிடையாது. பயங்கர வாயாடி.”