பெட்டிக்குள் சாவி

அந்த வீட்டுப் பெட்டிக்கு ஒரே சாவி. அதுவும் பூட்டிய பெட்டிக்குள்ளேயே கிடந்தது. அது எப்படி உள்ளே போனது என்று யாருக்கும் புரியாது. அந்தப் புரியாமைதான் உலகத்தையே நிலைகுலையாமல் தாங்குகிறது என்பது பரம்பரை நம்பிக்கை. விருந்தாளிகள் முன்னால் மாமனார் பெட்டியைக் குலுக்கி, உள்ளே சாவி உருளும் சத்தத்தைக் கேட்க வைப்பார்.

துடைக்கும்போது புது மருமகள் அதைக் கீழே போட்டுவிட்டாள். அடிப்பலகை கழன்றது. உள்ளே ஒன்றுமே இல்லை.

"அத்தை, சாவியைக் காணோம்! இன்னிக்கு எங்கப்பா, அம்மா வேற வராங்க. அவங்க முன்னாடி என் மானம் போயிடும்!"

மாமியார் பசையோடு ஓடி வந்தாள். "கத்தாதடி. நானும் வந்த புதுசுல போட்டு உடைச்சேன். சாவி எங்க தெறிச்சுதுன்னே தெரியல. ஒட்டி வெச்சுட்டேன்."

"அப்புறம் எப்படி சத்தம் வருது?"

"அதான் பெட்டியோட மகிமை! மாமாகிட்ட மட்டும் மூச்சு விடாதே. மனுஷன் தாங்க மாட்டாரு."

மாலையில் சம்பந்திகள் முன்னால் மாமனார் நெஞ்சை நிமிர்த்திப் பெட்டியைக் குலுக்கினார். கடகடவென்று கேட்டது. மாமியார் பூரித்துப் போனாள்.

பின்னால் நின்ற மருமகள் பார்த்துவிட்டாள். மாமனாரின் விரலிடுக்கில் ஒரு பழைய சாவி பெட்டியைத் தட்டிக்கொண்டிருந்தது.

அவள் பார்த்ததைக் கவனித்த அவர், அவள் பக்கம் குனிந்து கிசுகிசுத்தார்: "உங்க அத்தை போட்டு உடைச்ச அன்னிக்கே இதை நான் எடுத்து வெச்சுட்டேன்மா. அவகிட்ட மூச்சு விடாதே. தாங்க மாட்டா."