மாப்பிள்ளை போட்ட பந்து

"எப்படிப் போட்டாரு? மறைக்காம சொல்லுங்கப்பா."

கிஸாபுரோ இன்னும் ஷூவைக்கூடக் கழற்றவில்லை. மகள் நட்சுமி வாசலிலேயே மண்டியிட்டு உட்கார்ந்துவிட்டாள்.

"முதல்ல உள்ள விடும்மா. டீ இருக்கா?"

"டீ அப்புறம். அவரு எப்படிப் போட்டாரு?"

அவர் குனிந்து ஷூ கயிற்றை அவிழ்க்கத் தொடங்கினார். அதற்கு இவ்வளவு நேரம் ஆகவேண்டியதில்லை.

நட்சுமியின் கணவன் டெட்சுயா ஒசாகாவில் ஒரு பேஸ்பால் அணியில் பந்து போடுகிறவன். ஒரு மாதமாகக் கை அவன் சொன்ன பேச்சைக் கேட்கவில்லை. இன்றைய பயிற்சியைப் பார்த்துவிட்டு, வைத்துக்கொள்வதா, அனுப்பிவிடுவதா என்று சொல்வதாகப் பயிற்சியாளர் கறாராகச் சொல்லியிருந்தார். 'நீ வந்து பார்த்தா எனக்கு இன்னும் நடுங்கும்' என்று அவன் தடுத்துவிட்டுப் போனதால், ஊரிலிருந்து வந்திருந்த அப்பாவை அவனுக்குத் தெரியாமல் மைதானத்துக்கு அனுப்பியிருந்தாள் நட்சுமி.

அனுப்பிய ஆள்தான் சரியில்லை. கிஸாபுரோவுக்கு உயிரெல்லாம் சுமோ மல்யுத்தத்தில். பேஸ்பாலில், எதிராளியை அடிக்க விடாமல் பந்து போடுகிறவன் கெட்டிக்காரன் என்பது வரைக்கும்தான் அவருக்குத் தெரியும். போதாததற்கு, அவர் ஒசாகாவுக்கு வந்ததே மாப்பிள்ளையைக் கையோடு சொந்த ஊரான தகமாட்சுவுக்குக் கூட்டிப்போய், தன் உடோன் நூடுல்ஸ் கடையில் மாவு பிசைய வைத்துவிடலாம் என்ற எண்ணத்தில்தான். மகளும் கண்ணெதிரே இருப்பாள்.

ஆனால் மைதானத்தில் பார்த்ததை அவரால் தாங்க முடியவில்லை. தடித்தடியாக ஒவ்வொருத்தனாக வந்தான், அடித்தான். பந்தெல்லாம் பார்வையாளர் வரிசையில் போய் விழுந்தது. அடித்தவர்கள் வேறு யாருமில்லை, டெட்சுயாவின் சொந்த அணிக்காரர்களே. உயிருக்கு ஆபத்து என்றோ என்னவோ, அவனுக்கு முன்னால் ஒரு வலையை நிறுத்தி வைத்திருந்தார்கள். ஒவ்வொரு அடிக்கும் அவன் தொப்பியைச் சரிசெய்துகொண்டு, பக்கத்தில் இருந்த கூடையிலிருந்து அடுத்த பந்தை எடுத்தான். கூடை காலியாகும் வரை அடி வாங்கினான். கிஸாபுரோவுக்கு மாப்பிள்ளை மேல் இன்று பொங்கிய பாசம் கல்யாணத்தன்றுகூடப் பொங்கியதில்லை.

இதை எந்த வாயால் மகளிடம் சொல்வது?

"பிரமாதம்" என்றார்.

"பிரமாதம்னா?"

"ஒருத்தனாலயும் தொட முடியல."

நட்சுமியின் முகம் வெளுத்தது. "ஒருத்தராலயுமா?"

"தாடி வெச்ச குண்டன் ஒருத்தன் இருக்கானே, அவன் சும்மா காத்தைத்தான் வீசி வீசி அடிச்சான். கடைசியில மட்டையைத் தூக்கிப் போட்டுட்டுப் போயிட்டான்."

"கோவமாவா?"

"பின்னே? இன்னும் கொஞ்சம் விட்டா அழுதிருப்பான்."

நட்சுமி இன்னும் கிட்டே நகர்ந்தாள். "பந்து யார் மேலயாவது படப் பார்த்துச்சாப்பா?"

பொய்யில் இறங்கிய பிறகு கஞ்சத்தனம் எதற்கு என்று நினைத்தார் கிஸாபுரோ. "ஒருத்தன் மூக்கு தப்பினதே பெரிய விஷயம். அப்படி ஒரு வேகம்."

அவ்வளவுதான். நட்சுமி முகத்தைக் கைகளில் புதைத்துக்கொண்டு அழ ஆரம்பித்தாள்.

"பைத்தியம், நல்ல சேதிக்கு யாராவது அழுவாங்களா?"

"ஊருக்கே வந்துடறோம்பா" என்றாள் அவள் விசும்பலுக்கு நடுவே. "கடையில அவருக்கு வேலை இருக்குன்னு சொன்னீங்கல்ல? நாளைக்கே கிளம்பிடலாம்."

கேட்க வந்தது கேட்காமலே கிடைத்துவிட்டது. ஆனாலும் கிஸாபுரோவுக்கு அது இனிக்கவில்லை. சின்ன வயதிலிருந்தே அவர் பொய் சொன்னால் இவள் கண்டுபிடித்துவிடுவாள். இப்போதும் கண்டுபிடித்துவிட்டாள் என்றே நினைத்தார்.

"சரிம்மா, நான் சொன்னது பொய்தான்" என்று அவள் எதிரில் உட்கார்ந்தார். "உன் முகத்தைப் பார்த்துட்டு உண்மையைச் சொல்ல வாய் வரல. அடிச்சுத் துவைச்சுட்டாங்க. ஒரு பந்தைக்கூட விடல."

விசும்பல் நின்றது. "ஒண்ணுகூடவா?"

"ஒண்ணுகூட. தாடிக்காரன் அடிச்சது எங்க போச்சுன்னே தெரியல. நான் கண்ணை மூடிக்கிட்டேன்."

"அந்தத் தாடிக்காரர் சிரிச்சாரா?"

"சிரிச்சான், படுபாவி. போகும்போது மாப்பிள்ளையைப் பார்த்துத் தொப்பியைக் கழட்டிக் குனிஞ்சு வணக்கம் வேற வெச்சான். நக்கல்."

"சத்தியமா?"

"உங்கம்மா மேல சத்தியமா. நீ கவலைப்படாதே. மாவு பிசையறதை நான் கத்துக்கொடுக்கறேன், யாரும் அவனை அடிக்க மாட்டாங்க."

நட்சுமி அழுதுகொண்டே சிரித்தாள். பிறகு நெற்றி தரையில் பட அப்பாவை வணங்கினாள். கிஸாபுரோ அவள் தோளைப் பிடித்துத் தூக்கினார். அதிர்ச்சியில் பெண்ணுக்குப் புத்தி பிசகிவிட்டதோ?

கதவு தள்ளப்பட்டது. டெட்சுயா நின்றான், கையில் ஒரு முழுச் சிவப்பு மீன். கல்யாணம், பண்டிகை மாதிரி நல்ல நாளுக்கு வாங்குகிற மீன்.

"என்னை வெச்சுக்கிட்டாங்க, நட்சுமி" என்றான். அப்புறம்தான் மாமனாரைப் பார்த்தான். "வாங்க மாமா."

கிஸாபுரோ மீனைப் பார்த்தார், மாப்பிள்ளையைப் பார்த்தார், மகளைப் பார்த்தார். "அத்தனை அடி வாங்கினவனையா வெச்சுக்கிட்டாங்க?"

நட்சுமி கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"உங்ககிட்ட மறைச்சுட்டேன்பா. போன வருஷக் கடைசியிலேயே அவரை ஆட்டத்திலேருந்து எடுத்துட்டாங்க. ஆட்டத்துக்கு முன்னாடி நம்ம ஆளுங்க நல்லா அடிச்சுப் பழகறதுக்கு, வாகா பந்து போட்டுக் கொடுக்கறதுதான் இப்ப அவரு வேலை. ஒரு மாசமா கை பயந்துபோய், அவரு போட்டது ஒருத்தருக்கும் அடிக்கவே வரல. இன்னைக்குத்தான்பா எல்லாரும் அடிச்சிருக்காங்க."