கைமாறும் லாரி

புதுச்சத்திரத்தில் மணியன் வீட்டு வாசலில் லாரி கிளம்பத் தயாராக நிற்கிறது. இன்றிலிருந்து அது அவனுடையதல்ல. அதை வாங்கியிருக்கும் குருமூர்த்தி கேபினுக்குள் குனிந்து, டெட்டாலில் நனைத்த துணியால் ஸ்டியரிங்கை அழுத்தித் துடைக்கிறார். வேப்பமரத்தடியில் கட்டில் போட்டு உட்கார்ந்திருக்கும் மணியன் வரை அந்த வாசனை வருகிறது. தன் கை பட்டுத் தேய்ந்த வளையத்தில் வெயில் பளிச்சிடுவதையே அவன் பார்த்துக்கொண்டிருக்கிறான். "தப்பா நெனைக்காதீங்க தம்பி, ஊட்ல சின்னப் புள்ளைங்க இருக்குது" என்கிறார் குருமூர்த்தி. "அதுக்கென்னங்கண்ணா, நல்லாத் தொடைங்க" என்கிறான் மணியன். போன வருசம் காசநோய்க்கு மாத்திரை தின்றுகொண்டிருந்தவன், காய்ச்சல் விட்டதும் உடம்பு தேறிவிட்டதென்று பாதியில் நிறுத்திவிட்டு குஜராத்துக்கு லோடு ஏற்றிப் போனான். "முழுசாத் தின்னு முடிச்சுட்டுப் போங்க" என்று மனைவி சௌந்திரம் இதே வாசலில் மறித்து நின்றாள். அவன் சிரித்துக்கொண்டே போய்விட்டான். திரும்பி வந்த நோய் பழைய மாத்திரைக்குக் கேட்கவில்லை. இப்போது மருந்தும் வேறு, வண்டி ஓட்டாமல் வீட்டில் உட்கார வேண்டிய காலமும் நீளம். சௌந்திரம் அந்தப் பேச்சை ஒருநாளும் எடுக்கவில்லை. அதுதான் அவனுக்குத் தாங்கவில்லை. லாரி உறுமிக்கொண்டு தார்ரோட்டில் ஏறுகிறது. புழுதிக்குள்ளிருந்து மகள் கனிஷ்கா அழுதுகொண்டே அவனை நோக்கி ஓடி வருகிறாள். 'வேண்டாம் சாமி' என்று சொல்ல அவன் கையை உயர்த்துகிறான். அதற்கு முன்பே அவள், கட்டிலுக்குச் சற்றுத் தள்ளி, தானாக நின்றுவிடுகிறாள்.