வெளிச்சத்தில் ஒரு கால்

பாலம் வெள்ளத்தில் போய்விட்டதால் மரியசூசையை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வழியில்லை. சர்க்கரை நோயால் மரத்துப்போன அவருடைய வலது காலை, மனைவி ஜெயசீலி செல்போனில் படம் எடுத்து டாக்டருக்கு அனுப்பினாள்.

"விரல்ல நிழல் விழுதும்மா. நல்ல வெளிச்சத்துல எடுத்து அனுப்புங்க" என்றார் டாக்டர்.

கட்டிலை ஜன்னலோரம் இழுத்தாள். காலுக்கு அடியில் வெள்ளை வேட்டியை விரித்தாள். தன் தலைதான் மறைக்கிறதோ என்று தள்ளி நின்று எடுத்தாள். பெருவிரல் அப்போதும் கறுப்பாகவே இருந்தது. ஈரத்துணியால் துடைத்துப் பார்த்தாள். துணியில் அழுக்கு ஒட்டவில்லை.

"கல்யாணத்துக்குக்கூட என்னை இத்தனை போட்டோ எடுக்கலட்டி" என்று சிரித்தார் மரியசூசை.

டார்ச் அடித்து எடுத்த படத்தில் ஒவ்வொரு நகமும் துல்லியமாகத் தெரிந்தது. அதை அனுப்பியதும் டாக்டரே கூப்பிட்டார்.

"அவர் பக்கத்துல இருக்காராம்மா? கொஞ்சம் வெளிய வந்து பேசுங்க."

ஒற்றை அறை வீடு. வாசல்படிக்குக் கீழே இடுப்பளவு தண்ணீர்.

"என்ன சொல்லுதாரு? படம் சரியா வந்திருக்காமா?"

"நல்லா வந்திருக்காம்" என்ற ஜெயசீலி, சுவர்ப்பக்கம் திரும்பி நின்று போனைக் காதோடு இறுக்கிக்கொண்டாள்.