எட்டுப் பாளம் ஐஸ்

தென்கொரியாவின் பூசான் மீன் சந்தைக்கு எதிரே, பாதசாரிகள் கடக்கும் இடத்தில் ஒரு கைவண்டி நிற்கிறது. அதில் எட்டுப் பாளம் ஐஸ். உருகிய நீர் காலை வெயிலில் மின்னிக்கொண்டு தாரில் ஓடுகிறது. விபத்து நடந்த இடத்தை நேரில் பார்க்க நீதிபதி வந்திருக்கிறார்; போலீஸ்காரர் லாரிகளை நிறுத்தி வைத்திருக்கிறார். "பெரியவர் வண்டியோட திடீர்னு பாய்ஞ்சாருங்க. பிரேக் போட நேரமே இல்ல" என்று மோதிய லாரியின் டிரைவர் மா சாங்கு மறுபடியும் சொல்கிறான். செத்தவரின் மனைவி பில்சூன், மீன் செதில் ஒட்டிய ரப்பர் பூட்ஸோடு முன்னால் வருகிறாள். "அதே மாதிரி வண்டி, அதே பாரம். நீயும் பாய்ஞ்சு காட்டு தம்பி." இன்சூரன்ஸ் வக்கீல் ஏதோ சொல்ல வாயெடுக்கிறார். நீதிபதி அவரைக் கையமர்த்திவிட்டுக் கடிகாரத்தைப் பார்க்கிறார்.

பாதசாரிகளுக்குப் பச்சை விளக்கு விழுகிறது. சாங்கு இழுக்கிறான். அச்சு முனகுகிறது, வண்டி நகரவில்லை. இன்னொரு முறை இழுத்ததும் ஓரடி வருகிறது. "முப்பது வயசுக் காளை! அவருக்கு அறுபத்தெட்டுடா!" என்று சந்தைப் பெண்கள் சிரிக்கிறார்கள். பில்சூன் சிரிக்கவில்லை. அவன் பாதிச் சாலையில் இருக்கும்போதே விளக்கு சிவக்கிறது. "இருபத்தாறு நொடி" என்கிறார் நீதிபதி, குமாஸ்தா எழுதிக்கொள்கிறார். நிறுத்தி வைத்த லாரிகளில் ஒன்று உறுமுகிறது. சாங்குவின் கழுத்து வெடுக்கென்று அந்தப் பக்கம் திரும்புகிறது. கைப்பிடிக்குள் மாட்டிய உடம்பு அசையவில்லை.

"நல்லா பாரு தம்பி," என்கிறாள் பில்சூன். "அவரும் அங்கதான் பார்த்தாரு."