வெள்ளை மூடி

பதினோரு பேரை வீட்டுக்கு அனுப்பும் பட்டியல் என் சாப்பாட்டுப் பெட்டிக்கு அடியில் இருந்தது. மூன்று மணிக்குள் கையெழுத்துப் போட்டு அனுப்ப வேண்டும்.

என் அறைக்குப் பெயின்ட் அடிக்கிறார்கள். அதனால்தான் எட்டு வருஷம் கழித்து இந்தச் சாப்பாட்டுக் கூடத்துக்கு வந்தேன்.

முன்பு ஜன்னலோர மேசை எங்களுடையது. டெஸ்பாட்ச் அக்கா, ஸ்டோர்ஸ்காரர், 'புயல்' என்று நாங்கள் கூப்பிட்ட டிரைவர், நான். உட்கார்ந்ததும் அவரவர் பெட்டி மூடியைத் திருப்பி வைத்து, கொண்டு வந்ததில் பாதியை அதில் போட்டு நடுவில் தள்ளுவோம். அக்காவின் சமையலில் உப்பு எட்டிக்கூடப் பார்க்காது. ஆனாலும் அவர் மூடிதான் முதலில் காலியாகும். புயலுக்கு ருசி பார்க்க நேரம் ஏது?

இந்த ஆபீசில் நான் சந்தோஷமாக இருந்தது அந்த அரை மணி நேரங்களில்தான்.

இன்று அதே மேசையில் ஒரு பெண் மட்டும். காதில் ஹெட்போன், கண் போனில். என்னை அடையாளம் தெரியவில்லை. வேலைக்குப் புதிதாக இருக்க வேண்டும்.

பழக்கதோஷம், கை தானாக மூடியைத் திருப்பியது. நீலப் பெட்டிக்குச் சரியாகப் பொருந்தாத வெள்ளை மூடி. உருளைக்கிழங்கு வறுவலில் பாதியைப் போட்டு நடுவில் தள்ளிய பிறகுதான் சுரீரென்றது. இந்த வயதில் இதென்ன கூத்து.

நான் பின்னால் இழுப்பதற்குள் அவள் ஹெட்போனைக் கழற்றிவிட்டு ஒரு துண்டை எடுத்துக்கொண்டாள். பிறகு தன் மூடியைத் திருப்பி வைத்தாள்.

"எங்க டேபிள் பழக்கம் உங்களுக்கு எப்படி சார் தெரியும்?"

அக்காவைத் தெரிந்தவர்கள் இந்தக் கூடத்தில் யாரும் இல்லை. அன்றைய பக்கத்து மேசைக்காரர்கள் எங்களைப் பார்த்துப் பிடித்துக்கொண்டு, அவர்களிடமிருந்து கைமாறி இவள்வரை வந்திருக்க வேண்டும்.

அவள் கழுத்து அட்டை திரும்பிக் கிடந்தது. பட்டியல் பெட்டிக்கு அடியில் இருக்க, பெயரைக் கேட்க எனக்குத் தைரியம் வரவில்லை.

சாப்பிட்டு முடித்ததும் என் மூடியையும் சேர்த்துக் கழுவ எடுத்துக்கொண்டாள்.

"காலி மூடியைத் திருப்பித் தரக்கூடாது சார். நாளைக்கு ஏதாவது வெச்சுக் கொண்டு வரேன்."

இந்தப் பெட்டியோடு வந்த நீல மூடி அக்காவிடம் இருக்கிறது. அவரும் நாளைக்குக் கொண்டு வருகிறேன் என்றுதான் எடுத்துப் போனார்.

எட்டு வருஷத்துக்கு முந்தைய அந்தச் சாயங்காலம் போன பட்டியலில் என் மேசைக்காரர்கள் மூன்று பேரும் இருந்தார்கள். கையெழுத்து என்னுடையது.